சிரிக்காத முகத்துக்குப் பக்கத்தில் ஒரு படம்: ஓவியரோடு நெடுநாள் சேர்ந்து வேலை செய்ய

முகத்தில் சலனமே காட்டாமல் பேசிச் சிரிக்க வைப்பது என் வேலை. என் கூட்டாளி ஓவியர். பல வருடமாக ஒரே மேடைக்காக உழைக்கிறோம். இப்படி ஒரு கூட்டைத் தொடங்க நினைக்கிறீர்களா? யார் எதைச் சொல்லக் கூடாது என்பதை முதலில் பேசிக்கொள்ளுங்கள்.

"நேற்று எங்கள் வீட்டு நாற்காலி ராஜினாமா செய்துவிட்டது" என்று ஒரு வரி எழுதினேன். கையில் கடிதத்தோடு சோகமாக நிற்கும் நாற்காலியை அவர் வரைந்தார். அழகான படம். ஆனால் நான் சொன்னதையே அதுவும் சொன்னது, நான் அடக்கி வைத்த சோகத்தையும் போட்டு உடைத்தது. அடுத்த படத்தில் நாற்காலியே இல்லை. வெறும் தரை, கால்கள் இருந்த இடத்தில் நாலு சின்னத் தடங்கள். கூட்டம் அதைப் பார்க்கிறது, என்னைப் பார்க்கிறது, அப்புறம் சிரிக்கிறது. அந்தப் பார்வை போய்த் திரும்புகிற நேரத்துக்காகத்தான் இரண்டு பேர் தேவைப்படுகிறது.

அதனால் பொருள்களுக்குக் கண், வாய் வரைய வேண்டாம். வரியைச் சொல்லி முடித்து, ஒரு மூச்சு விட்டு, படம் வரைந்த தாளை நீங்களே புரட்டிக் காட்டுங்கள். புரட்டும் கை வேறொருவருடையது என்றால் நேரம் உங்கள் பிடியில் இருக்காது. புரட்டிய பிறகு படத்தைத் திரும்பிப் பார்க்காதீர்கள், கூட்டத்தையே பாருங்கள். ஒத்திகையில் ஓவியர் கடைசி வரிசையில் போய் நிற்கட்டும். கோடு அங்கே தெரியவில்லையென்றால் தடிமனாக்க வேண்டும். விளக்கு, முகத்துக்கும் படத்துக்கும் ஒரே அளவு.

எழுதி முடித்துவிட்டு 'இதற்குப் படம் போடுங்கள்' என்று கொடுப்பது எனக்குப் பிடிக்காத முறை. சிரிக்காத முகத்தோடு நடித்த அமெரிக்க மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனுக்கு 1920களில் காட்சியமைப்பையும் இயந்திர வேலைகளையும் செய்து கொடுத்தவர் ஃப்ரெட் கபூரி. 1928இல் வந்த 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' படத்தில் ஒரு வீட்டின் முன்சுவர் அப்படியே கீட்டன் மேல் சாய்கிறது. திறந்த ஜன்னல் விழும் இடத்தில் அவர் நிற்கிறார், சுற்றிலும் சில அங்குல இடைவெளிதான். சுவரைக் கட்டுகிறவர் யோசனையின் முதல் நாளிலிருந்து கூட இருந்தால்தான் அந்த அசையாத முகத்துக்கு வேலை. நாங்களும் அப்படித்தான்: என் ஓவியர் விளக்கம் எதுவும் சொல்லாமல் ஒரு படம் தருவார், அதற்கு நான் எழுதுவேன். எனக்குப் பிடித்தவை பெரும்பாலும் இந்த வழியில் வந்தவை.

சண்டை வரும். யார் வேண்டுமானாலும் காரணம் சொல்லாமல் 'வேண்டாம்' எனலாம், அது எங்கள் விதி. வேண்டாம் என்றதைக் கிழிக்காமல் பின்பக்கம் தேதி போட்டுப் பெட்டியில் வையுங்கள். பிறகு வேறு வரிக்குப் பொருந்தும்.

காசு விஷயத்தை நட்பாக இருக்கும்போதே எழுதி வைத்துவிடுங்கள். மூலப் படங்கள் ஓவியருக்கு, எழுத்து உங்களுக்கு, நிகழ்ச்சி வருமானம் சரிபாதி, சுவரொட்டியில் இரண்டு பெயரும் ஒரே அளவு எழுத்தில். ஒருவர் விலகினால் சேர்ந்து செய்தவற்றை மற்றவர் தனியாக மேடையேற்றலாமா என்பதையும் அதே தாளில் சேருங்கள்.