பழைய படத்துல வந்த இடத்தைத் தேடிப் போறீங்களா? இந்தத் தப்பெல்லாம் பண்ணாதீங்க

பழைய படம் பாக்கும்போது ஒரு தெரு வந்தா அப்படியே நிறுத்தி ஸ்க்ரீன்ஷாட் எடுத்துக்கிட்டு, ஞாயித்துக்கிழமைல அந்த இடத்தைத் தேடிப் போறது எனக்கு ரொம்ப நாள் பழக்கம். சென்னைல இப்ப நிறைய பேர் இதைப் பண்றாங்க, சந்தோஷமா இருக்கு, ஆனா எல்லாரும் ஒரே மாதிரி தப்பு பண்றாங்க.

பெரிய தப்பு, "அப்பல்லாம் மவுண்ட் ரோடு எவ்ளோ காலியா இருந்துச்சு பாரு"ன்னு சொல்றது. அந்த மாதிரி சீனெல்லாம் பெரும்பாலும் கூட்டம் சேர்றதுக்கு முன்னாடி விடியக்காலைலயே எடுத்துடுவாங்க. நிழல் நீளமா விழுதா, கடை ஷட்டர் மூடியிருக்கான்னு பாருங்க, ரெண்டும் இருந்தா அது காலை ஆறரை ஏழு மணி. அதை சாயங்காலம் ஆபீஸ் விடுற நேரத்துல எடுத்த போட்டோ பக்கத்துல வச்சு ஊரே நாசமாப் போச்சுன்னா எப்படிங்க?

எல்ஐசி பில்டிங் தெரியுதா, அப்ப படம் 1959 பக்கமோ அதுக்கப்புறமோ. ஜெமினி பாலம் இருந்தா 1973க்கு அப்புறம். நேப்பியர் பாலம் ஒண்ணே ஒண்ணு தான் இருந்தா பழைய படம், அதே மாதிரி இன்னொண்ணு பக்கத்துலயே பின்னாடி தான் கட்டினாங்க. இதைப் பாக்காம வருஷத்தை அடிச்சு விடாதீங்க. ஜூம் லென்ஸ் வேற தூரத்துல இருக்கற கட்டடத்தைப் பக்கத்துல இழுத்துட்டு வந்துடும், அதே ஆங்கிள் வேணும்னு நடுரோட்டுல போய் நிக்கவே நிக்காதீங்க.

"மதராசப்பட்டினம்" மாதிரி படத்தை ஆதாரமா காட்டாதீங்க, அதுல ஓடுற டிராம் 2010ல வந்த படத்துக்காக உருவாக்கினது, நிஜ டிராம் 1953லயே நின்னுபோச்சு.

அப்புறம் சிவப்புக் கட்டடம்னாலே சென்ட்ரல்னு எழுதிடறாங்க. பக்கத்துலயே மூர் மார்க்கெட்டும் சிவப்பா தான் இருந்துச்சு, 1985 தீ விபத்துல போயிடுச்சு, இப்ப அங்க புறநகர் ரயில் நிலையம். அந்தக் கடைகள் அல்லிக்குளம் பக்கம் போயிடுச்சு. அங்க ஒரு பழைய புத்தகக் கடைக்காரர்கிட்ட, எந்த இடம்னே தெரியாம நான் வச்சிருந்த ஒரு ஸ்க்ரீன்ஷாட்டைக் காட்டினேன். கண்ணாடியைத் தூக்கிவிட்டு, ரெண்டு விரலால பெருசாக்கிப் பாத்தவரு, ஒரு தூணைத் தொட்டு, "இதுக்குப் பின்னாடி தான் சார் எங்கப்பா கடை"ன்னாரு.