ஸ்டான்லி கோப்பை பிளே ஆஃப்: ஐ.பி.எல். பழக்கத்தில் பார்ப்பவர்கள் செய்யும் தவறுகள்

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை நம் கரையில் மீன்பிடித் தடைக்காலம். பாம்பனிலும் மண்டபத்திலும் இராமேசுவரத்திலும் விசைப்படகுகள் ஓய்ந்து நிற்கும் அதே நாள்களில்தான் வட அமெரிக்காவில் என்.எச்.எல். என்ற தொழில்முறை ஐஸ் ஹாக்கி லீக்கின் ஸ்டான்லி கோப்பைக்கான பிளே ஆஃப் சுற்றுகள் நடக்கின்றன. டொராண்டோவில் உறவினர் உள்ள குடும்பங்கள் இங்கே இருக்கின்றன. அங்குள்ள பிள்ளைகள் அனுப்பும் கோல் காட்சிகளைப் பார்த்துத்தான் பலருக்கும் இந்த ஆட்டத்தில் ஆர்வம் பிறக்கிறது. ஆர்வம் வந்த பிறகு ஏற்படும் குழப்பம்தான் பெரிது. அதில் பெரும்பகுதி ஐ.பி.எல். பார்த்துப் பழகிய கண்ணால் வருவது.

முதல் தவறு, ஓர் ஆட்டத்தின் முடிவை வைத்துத் தீர்ப்பு எழுதிவிடுவது. "தோற்றுவிட்டார்களே மாமா, இனி அடுத்த வருடம்தானே?" என்று என் அக்காள் மகன் கேட்டான். அவனைக் குறை சொல்ல முடியாது. ஐ.பி.எல்.லில் நான்கு அணிகள்தான் பிளே ஆஃப் வரும். முதல் இரண்டு இடம் பிடித்த அணிகளுக்கு ஒரு தோல்வி மன்னிக்கப்படும், மற்ற இரண்டுக்கும் அதுவும் இல்லை. என்.எச்.எல்.லில் நிலைமையே வேறு. 32 அணிகளில் 16 அணிகள் தகுதி பெறும். இரண்டிரண்டு அணிகளாக மோதும். ஒவ்வொரு மோதலும் ஏழு ஆட்டங்கள் வரை நீளக்கூடிய ஒரு தொடர். அதில் முதலில் நான்கு வெற்றி பெறும் அணி அடுத்த சுற்றுக்குப் போகும். இப்படி நான்கு சுற்றுகள். கோப்பையைத் தூக்க மொத்தம் 16 வெற்றிகள் வேண்டும். ஆகவே ஒரு தோல்வி என்பது தொடரின் கணக்கில் ஒரு வரி, அவ்வளவுதான்.

இதற்கு நேரெதிரான தவறு கால்பந்து ரசிகர்களிடம் உண்டு. ஐரோப்பியக் கிளப் போட்டிகளைப் பார்த்துப் பழகியவர்கள் கோல்களைக் கூட்டிப் பார்க்கிறார்கள். இங்கே கோல்கள் சேராது. எட்டு கோல் அடித்து வென்றாலும் ஒரு வெற்றிதான், ஒரே கோலில் வென்றாலும் ஒரு வெற்றிதான். 2024 இறுதித் தொடரை எடுத்துக்கொள்ளுங்கள். புளோரிடா பாந்தர்ஸ் முதல் மூன்று ஆட்டங்களையும் வென்றது: 3-0, 4-1, 4-3. இன்னும் ஒன்று போதும். நான்காவது ஆட்டத்தில் எட்மண்டன் ஆயிலர்ஸ் 8-1 என்று நொறுக்கியது. ஐந்தாவது 5-3, ஆறாவது 5-1, இரண்டும் எட்மண்டனுக்கே. தொடர் 3-3. ஏழாவது ஆட்டத்தில் புளோரிடா 2-1 என்று வென்று கோப்பையை எடுத்துக்கொண்டது. ஏழு ஆட்டங்களையும் கூட்டினால் எட்மண்டன் 23 கோல், புளோரிடா 18. ஐந்து கோல் அதிகம் அடித்த அணி வெறுங்கையோடு திரும்பியது. இந்த ஒரு தொடரை மனத்தில் வாங்கிக்கொண்டால் பிளே ஆஃப் பற்றிய பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும் என்று உறுதியாகச் சொல்வேன்.

தேதியில் ஏமாறுபவர்களும் நிறைய. அட்டவணை பெரும்பாலும் அமெரிக்கக் கிழக்குக் கரை நேரத்தில்தான் வெளியாகும். அந்த மாதங்களில் நமக்கும் அவர்களுக்கும் ஒன்பதரை மணி நேர வித்தியாசம். அங்கே சனிக்கிழமை இரவு 7 மணி என்றால் நமக்கு ஞாயிறு அதிகாலை 4.30. இரவு 8 மணி என்றால் காலை 5.30. மேற்குக் கரை அணிகளின் ஆட்டங்கள் அதே கிழக்குக் கரை நேரப்படி இரவு 10 மணிக்குத் தொடங்கும், அதாவது நமக்குக் காலை 7.30. தேதியில் ஒரு நாளைக் கூட்டிக்கொள்ள மறந்தால் ஆட்டம் தொடங்குவதற்கு ஒரு நாள் முன்னாலேயே விழித்துக் காத்திருக்க வேண்டியதுதான்.

தகுதி பெறும் முறைக்கு வருவோம். "16 அணிகள்" என்றதும் புள்ளிப் பட்டியலில் முதல் 16 இடம் என்று நினைப்பது இயல்பு. அப்படியில்லை. கிழக்கு, மேற்கு என்று லீக் இரண்டாகப் பிரிகிறது. கிழக்கில் அட்லாண்டிக், மெட்ரோபாலிட்டன் என்ற இரண்டு பிரிவுகள். மேற்கில் சென்ட்ரல், பசிபிக். பிரிவுக்கு எட்டு அணிகள். ஒவ்வொரு பிரிவிலும் முதல் மூன்று இடங்களுக்கு நேரடித் தகுதி. அதில் 12 அணிகள் ஆயிற்று. மீதி நான்கு இடங்கள் வைல்டு கார்டு, கிழக்குக்கு இரண்டு, மேற்குக்கு இரண்டு. புள்ளிகளை மட்டும் வைத்துத் தரப்படும் இடங்கள் இவை. எந்தப் பிரிவு என்று பார்ப்பதில்லை. அதனால் ஒரே பிரிவிலிருந்து ஐந்து அணிகள் வரக்கூடும். 2025-இல் சென்ட்ரல், அட்லாண்டிக் இரண்டிலும் அப்படித்தான் நடந்தது. சென்ட்ரலைச் சேர்ந்த மின்னசோட்டா, பசிபிக் பிரிவில் முதலிடம் பிடித்த வேகஸ் அணியோடு மோதியது.

அதே ஆண்டு கால்கரி அணிக்கு நேர்ந்ததை நினைத்தால் இன்னும் மனம் ஆறவில்லை. வெற்றிக்கு 2 புள்ளி, கூடுதல் நேரத்திலோ ஷூட் அவுட்டிலோ (ஒவ்வொருவராக வந்து கோல்கீப்பரை மட்டும் எதிர்த்து அடிப்பது) தோற்றால் 1 புள்ளி, 60 நிமிடத்துக்குள் தோற்றால் பூஜ்யம் என்பது லீக் சுற்றுக் கணக்கு. கால்கரி 96 புள்ளி எடுத்தது. செயின்ட் லூயிஸ் அணியும் 96. மேற்கில் மீதியிருந்ததோ ஒரே ஒரு வைல்டு கார்டு இடம். அப்போது பார்ப்பது, கூடுதல் நேரத்துக்குப் போகாமல் 60 நிமிடத்துக்குள் பெற்ற வெற்றிகள். செயின்ட் லூயிசுக்கு அதில் ஒன்று கூடுதல், கால்கரி வெளியே. கிழக்கில் மாண்ட்ரியலும் நியூ ஜெர்சியும் 91 புள்ளிகளோடு உள்ளே வந்தன. புள்ளிப் பட்டியலை மொத்தமாகப் பார்த்துவிட்டு "96 எடுத்தவன் எங்கே, 91 எடுத்தவன் எங்கே" என்று சண்டை போடுபவர்கள், கிழக்கையும் மேற்கையும் தனித்தனியாகப் பார்த்தால் போதும்.

ஒவ்வொரு சுற்றும் முடிந்ததும் வலிமையான அணிக்குப் பலவீனமான எதிரி என்று மறுபடி வரிசைப்படுத்துவார்கள் என எதிர்பார்ப்பதும் தவறு. 2014 பிளே ஆஃப் முதல் இந்தப் பாதை முன்கூட்டியே வரையப்பட்டதுதான். ஒரு பிரிவின் பலமான இரண்டு அணிகள் இரண்டாம் சுற்றிலேயே மோதிக்கொள்ள நேரிடும்.

கூடுதல் நேரம் பற்றி. லீக் சுற்றில் சமநிலையானால் கோல்கீப்பர் நீங்கலாக மூவருக்கு மூவர் ஐந்து நிமிடம் ஆடுவார்கள். அதிலும் முடியாவிட்டால் ஷூட் அவுட். பிளே ஆஃபில் ஷூட் அவுட் கிடையாது. வழக்கம்போல ஐவருக்கு ஐவர், 20 நிமிடப் பகுதி. முதல் கோல் விழுந்த நொடியில் ஆட்டம் முடிந்தது. விழாவிட்டால் இடைவேளை விட்டு இன்னொரு 20 நிமிடம், அதன்பின் இன்னொன்று. 1936 மார்ச்சில் டெட்ராய்ட் அணியும் மாண்ட்ரியல் மரூன்ஸ் அணியும் ஆடிய ஆட்டத்தில் கூடுதல் நேரம் மட்டும் 116 நிமிடம் 30 நொடி. ஆறாவது கூடுதல் பகுதியில்தான் அந்த ஒரே கோல் விழுந்தது. ஆகவே காலை 7 மணிக்கு முடிந்துவிடும் என்று கணக்குப் போட்டு வேறு வேலையை ஒப்புக்கொள்ளாதீர்கள்.

கடைசி இரண்டு நிமிடங்களில் எழுந்து போவது எல்லாவற்றிலும் வருத்தத்துக்குரிய தவறு. பின்தங்கியிருக்கும் அணி தன் கோல்கீப்பரையே வெளியே அழைத்துவிட்டு, அவருக்குப் பதிலாக ஆறாவது ஆட்டக்காரரை இறக்கும். தன் வலை காலி. ஆனால் எதிரணியின் கோல் முன்னால் ஓர் ஆள் கூடுதல். பெரும்பாலும் எதிரணி அந்தக் காலி வலையில் 'பக்' என்ற ரப்பர் வட்டைத் தள்ளிவிடும். 4-2, 5-2 என்று முடியும் பல ஆட்டங்கள் உண்மையில் ஒரு கோல் வித்தியாசத்தில் நடந்தவை. சில நேரம் மறுபக்கம் நடக்கும். 2025 முதல் சுற்றின் ஏழாவது ஆட்டம், வின்னிபெக் அணிக்கும் செயின்ட் லூயிசுக்கும். வின்னிபெக் 1-3 என்று பின்தங்கியிருந்தது. இரண்டு நிமிடத்துக்கும் குறைவாகவே மீதி. கோல்கீப்பர் வெளியே வந்துவிட்டார். கடைசி 20 நிமிடப் பகுதியின் 18 நிமிடம் 4 நொடியில் நமெஸ்ட்னிகோவ் ஒன்று அடித்தார். 1.6 நொடி மட்டும் மீதமிருக்கும்போது பெர்ஃபெட்டி இன்னொன்று. 3-3. இரண்டாவது கூடுதல் பகுதியில் அணித்தலைவர் லௌரி அடித்த கோலில் வின்னிபெக் வென்றது. இந்திய நேரப்படி திங்கள் காலை அது. 1-3 என்றதும் அணைத்துவிட்டுப் போனவர்கள் இழந்தது கொஞ்சமல்ல.

சொந்த மைதானம் என்பது கூட்டத்தின் கூச்சல் மட்டும் அல்ல. தொடரின் 1, 2, 5, 7 ஆகிய ஆட்டங்கள் மேலிடம் பிடித்த அணியின் ஊரில் நடக்கும். ஆட்டம் நிற்கும் ஒவ்வொரு முறையும் விருந்தாளி அணி யாரை இறக்குகிறது என்று பார்த்த பிறகே சொந்த ஊர்ப் பயிற்சியாளர் தன் ஆள்களை இறக்கலாம். மீன் ஏலத்தில் மற்றவர் கேட்ட விலையைக் காதில் வாங்கிய பிறகு தன் விலையைச் சொல்பவருக்கு உள்ள வசதி இது. எதிரணியின் சிறந்த வீரருக்கு எதிராகத் தன் சிறந்த தடுப்பாட்டக்காரரையே ஆட்டம் முழுக்க ஒட்டவைக்க முடியும். ஒரே வீரர் சொந்த ஊரில் பளிச்சிட்டு வெளியூரில் அடங்கிப்போவதற்கு இதுவும் ஒரு காரணம்.

லீக் சுற்றில் முதலிடம் பிடித்த அணியைக் கண்ணை மூடிக்கொண்டு நம்பாதீர்கள். 2022-23இல் பாஸ்டன் 65 வெற்றி, 135 புள்ளி என்று சாதனை படைத்தது. முதல் சுற்றில் கடைசி இடத்தில் நுழைந்த புளோரிடாவிடம், 3-1 என்று முன்னிலையில் இருந்த தொடரைத் தோற்றது. 2019-இல் 62 வெற்றி பெற்ற டாம்பா பே, கொலம்பசிடம் நான்கு ஆட்டங்களிலும் தோற்று முதல் சுற்றிலேயே வெளியேறியது. ஆனால் 3-0 என்று ஒரு தொடர் போய்விட்டால் மீள்வது மிக அரிது. 1942 டொராண்டோ, 1975 நியூயார்க் ஐலண்டர்ஸ், 2010 பிலடெல்பியா, 2014 லாஸ் ஏஞ்சலஸ் ஆகிய நான்கு அணிகள்தான் அதைச் சாதித்தவை.

பிளே ஆஃபின் சிறந்த வீரருக்கான கான் ஸ்மைத் விருது வென்ற அணிக்கே போகும் என்பதும் சரியல்ல. 2024-இல் கோலும் கோலுக்கான உதவியும் சேர்த்து 42 புள்ளிகள் எடுத்த எட்மண்டனின் கானர் மெக்டேவிடுக்கு, அவர் அணி தோற்ற பிறகும் அது கொடுக்கப்பட்டது.

புதிதாகப் பார்ப்பவர்கள் எட்டுத் தொடர்களையும் துரத்த வேண்டாம். முதல் சுற்றில் ஒரே ஒரு தொடரைத் தேர்ந்தெடுத்து அதன் முதல் ஆட்டத்திலிருந்தே பாருங்கள். யார் யாரை ஒட்டியே ஆடுகிறார், எந்தக் கோல்கீப்பர் தளர்கிறார் என்பது மூன்றாவது ஆட்டத்துக்குள் தெரிந்துவிடும். அட்டவணையில் ஐந்து, ஆறு, ஏழாம் ஆட்டங்களுக்குப் பக்கத்தில் 'தேவைப்பட்டால்' என்ற குறி இருக்கும். நான்காவது வெற்றி வந்ததும் தொடர் முடிந்துவிடும், மீதி நடக்காது. அலாரம் வைப்பதற்கு முன்னால் தொடரின் நிலவரத்தை ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.