கார்ட்டன் டி வியார்ட்டைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

இரண்டு உலகப் போர்களிலும் சண்டையிட்ட பிரிட்டிஷ் படை அதிகாரி அட்ரியன் கார்ட்டன் டி வியார்ட் என்று தேடினால் முதலில் வந்து நிற்பது கறுப்புக் கண்பட்டை போட்ட அந்தப் படம்தான். கூடவே ஒரு காயப் பட்டியல்: கண் போனது, கை போனது, தலையில் குண்டு, இடுப்பில் குண்டு, காலில் குண்டு, காதில் குண்டு. இதை அப்படியே எடுத்துப் போட்டுவிட்டு அவர் கதையைச் சொல்லிவிட்டோம் என்று நினைப்பதுதான் பெரிய தவறு. எந்தப் பொறுப்பில் இருந்தபோது அடிபட்டார் என்பதை விட்டுவிட்டால் ஒரு படை அதிகாரி காணாமல் போய், வெறும் வேடிக்கை மனிதர்தான் மிஞ்சுகிறார். எனக்கு அது நிஜமாகவே வருத்தமாக இருக்கிறது.

அடுத்து, வரிசை குழம்புவது. பிரிட்டனின் மிக உயர்ந்த வீரப் பதக்கமான விக்டோரியா கிராஸ் வாங்கித் தந்த சண்டையில்தான் கையை இழந்தார் என்று பலர் எழுதிவிடுகிறார்கள். அப்படி இல்லை. கண் போனது 1914 நவம்பரில், சோமாலிலாந்தில் ஷிம்பர் பெரிஸ் கோட்டைத் தாக்குதலில். இடது கை போனது 1915-ல், பெல்ஜியத்தின் ஈப்ர் (Ypres) போர்முனையில். பதக்கம் வாங்கித் தந்த லா புவாசெல் கிராமச் சண்டை நடந்தது 1916 ஜூலை 2, 3 தேதிகளில், பிரான்சில் நடந்த சோம் போரில். அங்கே போகும்போதே அவருக்கு ஒரு கண், ஒரு கைதான். கையெறிகுண்டின் ஊசியைப் பல்லால் இழுத்ததை எல்லாரும் சாகசமாகச் சொல்கிறார்கள், ஆனால் இன்னொரு கை இல்லாதவர் வேறு எப்படி இழுப்பார்?

சரி, பதக்கம் எதற்கு? அந்தக் கிராமத்தில் மற்ற மூன்று பட்டாலியன் தளபதிகளும் அடிபட்டு விழுந்துவிட, அவர்களுடைய ஆட்களையும் சேர்த்து இவரே நடத்திப் பிடித்த இடத்தைக் கைவிடாமல் வைத்திருந்தார். குண்டு மழையில் நான்கு பட்டாலியன்களைச் சிதறாமல் வைத்திருப்பது எவ்வளவு பெரிய வேலை என்று ஒரு நிமிடம் யோசித்துப் பாருங்கள். அதைச் சொல்லாமல் பல்லை மட்டும் சொல்வது அநியாயம்.

பதவியிலும் படைப்பிரிவிலும் கவனம் வேண்டும். பதக்க அறிவிப்பில் அவர் 'கேப்டன் (தற்காலிக லெப்டினன்ட் கர்னல்)', பிரிவு டிராகூன் கார்ட்ஸ் என்ற குதிரைப்படை, ஆனால் நடத்தியது குளோஸ்டர்ஷயர் ரெஜிமென்ட்டின் 8-வது பட்டாலியனை. ஒன்று சொந்தப் பிரிவு, மற்றது போரில் கொடுத்த பொறுப்பு, அதேபோல் போர்க்காலத் தற்காலிகப் பதவி வேறு, நிரந்தரப் பதவி வேறு. இரண்டில் ஒன்றை மட்டும் பார்த்தவர்கள் மற்றதைப் பிழை என்று 'திருத்தி' விடுகிறார்கள். தேதியும் அப்படித்தான்: சண்டை ஜூலையில், பிரிட்டிஷ் அரசிதழான லண்டன் கெஜட்டில் அறிவிப்பு செப்டம்பரில்.

பெயரை வெறும் 'வியார்ட்' என்று சுருக்காதீர்கள், குடும்பப் பெயர் முழுசும் 'கார்ட்டன் டி வியார்ட்'. பிறந்தது பிரசெல்ஸில், 1880-ல். பிரிட்டிஷ் குடியுரிமை கிடைத்தது 1907-ல்தான், அதற்கு முன்பே பெயரையும் வயதையும் மாற்றிச் சொல்லி தென்னாப்பிரிக்காவில் நடந்த போயர் போருக்குப் போய்விட்டவர்.

அப்புறம், கதையை முதல் உலகப் போர் முடிந்த 1918-ல் முடித்துவிடாதீர்கள். 1940-ல் நார்வேயின் நம்சோஸில், சரியான விமானப் பாதுகாப்பு இல்லாமல் தவித்த படையைக் கப்பலேற்றி மீட்டுக் கொண்டுவந்தது அவர் தலைமைதான். 1941-ல் விமானம் கடலில் விழுந்து இத்தாலியர்களிடம் கைதி. 1943-ல், 63 வயதை நெருங்கும்போது, அவரை அடைத்து வைத்திருந்த வின்சிலியாத்தா கோட்டையிலிருந்து சுரங்கம் தோண்டி வெளியேறி எட்டு நாள் பிடிபடாமல் இருந்தார். அதே ஆண்டு சீனாவில் அந்நாட்டுத் தலைவர் சியாங் கை-ஷேக்கிடம் சர்ச்சிலின் பிரதிநிதியாகப் போய் 1946 வரை இருந்தார்.

கடைசியாக ஒன்று: அவர் எழுதிய தன்வரலாற்றை மட்டும் நம்பி உட்காராதீர்கள். 1950-ல் வெளிவந்த அந்தப் புத்தகத்தில் தனக்கு விக்டோரியா கிராஸ் கிடைத்ததைப் பற்றி அவர் ஒரு வார்த்தைகூட எழுதவில்லை. அதற்கு நீங்கள் கெஜட்டைத்தான் புரட்ட வேண்டும்.