திறக்காத நிரலைத் திறக்கவைப்பது எப்படி: லினக்ஸின் பகிர்வு நூலகக் கோப்புகள்

எஸ்.பி. ரோட்டில் பழைய மடிக்கணினி வாங்கி, அதில் லினக்ஸ் இயங்குதளத்தின் ஒரு வகையான உபுண்டுவை நிறுவிக்கொள்ளும் பிள்ளைகள் பெங்களூருவில் ஏராளம். ஸ்ரீராமபுரத்தில் ஞாயிற்றுக்கிழமைகளில் என்னிடம் கணினி கற்க வருபவர்களில் பலர் அப்படி வாங்கியவர்கள்தான். அவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்வி இது: "அண்ணா, படவுருவைச் சொடுக்கினால் ஒன்றுமே நடக்கவில்லையே, ஏன்?" பெரும்பாலும் காணாமற்போன ஒரு நூலகக் கோப்புதான் காரணம். பல நிரல்கள் பொதுவாகப் பகிர்ந்துகொள்ளும் குறிமுறை அடங்கிய கோப்பு அது. அதைக் கண்டுபிடிக்க நிரலாக்கம் தெரிந்திருக்க வேண்டியதில்லை.

பொத்தான், பட்டியல், உருள்பட்டை ஆகியவற்றை ஒவ்வொரு நிரலும் தானே வரைந்துகொள்வதில்லை. அடுக்குமாடிக் குடியிருப்பில் வீட்டுக்கு வீடு ஆழ்துளைக் கிணறு தோண்டாமல், மாடியிலுள்ள ஒரே தொட்டியிலிருந்து எல்லோரும் நீர் எடுக்கிறார்கள் அல்லவா, அப்படித்தான் இதுவும். லினக்ஸில் இந்த வேலையைச் செய்யும் பெரிய நூலகத் தொகுப்புகள் இரண்டு: ஜிடிகே, க்யூடி. ஜிடிகே, ஜிம்ப் என்ற பட நிரலுக்காகப் பிறந்தது. க்யூடி நார்வேயில் பிறந்தது.

நம்மைப் போன்றவர்கள் நன்றியோடு நினைக்க வேண்டிய நூலகம் ஒன்றும் இவற்றின் அடியில் இருக்கிறது. அதன் பெயர் ஹார்ஃப்பஸ். 'கொ' என்று நீங்கள் தட்டும்போது கணினி முதலில் 'க'வையும் பிறகு ஒகரக் குறியையும் சேமிக்கிறது. அந்தக் குறியை இரண்டாகப் பிரித்து, கொம்பை முன்னாலும் காலைப் பின்னாலும் வைப்பது இந்த நூலகம். ஜிடிகே, க்யூடி இரண்டுமே இதைப் பயன்படுத்துவதால், இங்கே செய்யப்படும் ஒரு திருத்தம் நூற்றுக்கணக்கான நிரல்களில் தமிழைச் சரியாக்கிவிடுகிறது.

இனி வேலைக்கு வருவோம். கட்டளைகளைத் தமிழில் ஒலிபெயர்த்திருக்கிறேன். ஆங்கிலச் சிற்றெழுத்துகளில் தட்டுங்கள்.

முதல் படி: நிரலை டெர்மினலிலிருந்து இயக்குங்கள்

படவுருவைச் சொடுக்கினால் பிழைச்செய்தி கண்ணில் படாமல் போய்விடும். கட்டளைகளைத் தட்டும் சாளரமான டெர்மினலைத் திறந்து நிரலின் பெயரைத் தட்டினால் செய்தி முழுதும் தெரியும். அதில் 'லிப்' என்று தொடங்கி, 'எஸ்ஓ' என்ற பின்னொட்டும் ஓர் எண்ணும் கொண்ட பெயரைத் தேடுங்கள். அந்தப் பெயரை அப்படியே குறித்துக்கொள்ளுங்கள். எண்ணையும் விட்டுவிடக் கூடாது.

இரண்டாம் படி: எல்டிடி

'எல்டிடி' என்று தட்டி, ஓர் இடைவெளி விட்டு, நிரலின் முழுப் பாதையைக் கொடுங்கள். எடுத்துக்காட்டாக, 'எல்டிடி /யுஎஸ்ஆர்/பின்/ஜிம்ப்'. நிரலுக்கு வேண்டிய நூலகங்கள் ஒவ்வொன்றும் எந்தக் கோப்புறையில் கிடைத்தது என்று நீண்ட பட்டியல் வரும். 'நாட் ஃபவுண்ட்' என்று முடியும் வரிதான் குற்றவாளி. நம்பகமற்ற இடத்திலிருந்து வந்த நிரல்மீது இந்தக் கட்டளையை ஏவாதீர்கள். சில வேளைகளில் அந்த நிரலே இயங்கிவிடக்கூடும்.

மூன்றாம் படி: கோப்பு எந்தப் பொதியில் இருக்கிறது?

உபுண்டுவில் நிரல்களும் நூலகங்களும் பொதிகளாகக் கட்டப்பட்டு வருகின்றன. முதலில் 'சூடோ ஆப்ட் இன்ஸ்டால் ஆப்ட்-ஃபைல்', அடுத்து 'சூடோ ஆப்ட்-ஃபைல் அப்டேட்'. பிறகு 'ஆப்ட்-ஃபைல் சர்ச்' என்று தட்டி, குறித்துவைத்த பெயரைச் சேருங்கள். பொதியின் பெயர் கிடைக்கும். அதை 'சூடோ ஆப்ட் இன்ஸ்டால்' மூலம் நிறுவுங்கள்.

பழைய கட்டுரைகளில் உள்ள பொதிப் பெயரைக் கண்ணை மூடிக்கொண்டு தட்டாமல் இப்படித் தேடச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. உபுண்டு 24.04இல் ஜிடிகே 3 உட்படப் பல நூலகப் பொதிகளின் பெயருக்குப் பின்னால் 'டி64' ஒட்டிக்கொண்டது. 32 பிட் நேரக் கணக்கு 2038 ஜனவரி 19இல் தீர்ந்துபோகும் என்பதால் செய்யப்பட்ட மாற்றம் அது.

எல்டிடி எதுவும் சொல்லவில்லை, ஆனாலும் திறக்கவில்லை?

க்யூடி நிரல்களில் இது சகஜம்; தொடக்கநிலையினர் மனம் தளர்வதும் இங்கேதான். 'எக்ஸ்சிபி' என்ற பிளகினை (நிரலோடு சேர்ந்து இயங்கும் துணைக் கோப்பை) ஏற்ற முடியவில்லை என்று செய்தி வரும். பிளகின் ஏதோ கெட்டுவிட்டது என்று நினைத்து, நிரலையே நீக்கி மீண்டும் நிறுவுகிறார்கள். பயனில்லை. பிளகின் பெரும்பாலும் இருக்க வேண்டிய இடத்தில்தான் இருக்கும்; அது நம்பியிருக்கும் இன்னொரு நூலகம்தான் இல்லை. நிரல் ஓடத் தொடங்கிய பிறகே பிளகின் ஏற்றப்படுவதால், அந்தக் குறை எல்டிடி பட்டியலில் வராது.

'க்யூடி_டீபக்_பிளகின்ஸ்=1' என்று, எழுத்துகள் அனைத்தையும் ஆங்கிலப் பெரிய எழுத்துகளில் தட்டி, இடைவெளி விட்டு, அதே வரியில் நிரலின் பெயரைத் தட்டுங்கள். கொட்டும் வரிகளுக்கு நடுவே, கிடைக்காத கோப்பின் பெயர் இருக்கும். க்யூடி 6.5 முதல் 'லிப்எக்ஸ்சிபி-கர்சர்0' என்ற பொதி கட்டாயத் தேவை. புதிய நிரல்கள் பல இது இல்லாமல்தான் நிற்கின்றன. முதலில் அதை நிறுவிப் பாருங்கள்.

செய்யவே கூடாத இரண்டு

கோப்பின் பெயரை இணையத்தில் தேடி, முகம் தெரியாத தளத்திலிருந்து இறக்காதீர்கள். நூலகக் கோப்பு உங்கள் நிரலுக்குள்ளேயே ஓடும் குறிமுறை. உங்கள் கோப்புகளையும் கடவுச்சொற்களையும் அந்நியர் கையில் கொடுப்பதற்கு அது சமம்.

எண் பொருந்தவில்லை என்று கோப்பின் பெயரை மாற்றுவதும் வேண்டாம். ஜிடிகே 2, 3, 4 மூன்றும் ஒரே கணினியில் சண்டையில்லாமல் வாழும். ஆனால் ஒன்றின் இடத்தில் இன்னொன்று நிற்காது. ஜிடிகே 3 வெளிவந்தது 2011இல். அந்தத் தொகுப்பு யாருக்காகப் பிறந்ததோ, அந்த ஜிம்ப்கூட 2025இல்தான் அதற்கு மாறியது. பெயரை மாற்றினால் போதும் என்றால் அத்தனை ஆண்டுகள் உழைத்திருக்க மாட்டார்கள்.

சில நிரல்கள் தமக்கு வேண்டிய நூலகங்களைத் தம் கோப்புறையிலேயே கொண்டுவரும். அப்போது மட்டும் 'எல்டி_லைப்ரரி_பாத்=./லிப் ./நிரல்' என்று இயக்கலாம். சமக்குறிக்கு முன்னுள்ளவை பெரிய எழுத்துகள். 'நிரல்' என்ற இடத்தில் உங்கள் நிரலின் பெயர் வர வேண்டும். இந்த அமைப்பை நிலையாக எழுதி வைத்துவிடாதீர்கள். நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் மற்ற நிரல்களும் தவறான கோப்பை எடுத்துக்கொண்டு நின்றுவிடும்.