பழைய போனில் டாஷ்போர்டு: காட்பாடியில் ஒரு வாரம்

அசெட்டோ கோர்ஸா என்ற கார் பந்தய கேமை காட்பாடி வீட்டில்தான் ஓட்டுகிறேன். கியர், டயர் வெப்பம், மீதிப் பெட்ரோல் எல்லாம் தனித்திரையில் தெரிய வேண்டும் என்று ரொம்ப நாள் ஆசை. கேமின் எண்களை வேறு திரையில் காட்டும் சிம்ஹப் மென்பொருளைக் கணினியில் போட்டு, அப்பாவின் பழைய போனை ஸ்டீயரிங்குக்குப் பின்னால் நிறுத்தினேன். கணினியின் ஐபி எண்ணோடு (வீட்டு நெட்வொர்க்கில் அதன் முகவரி) 8888 என்ற போர்ட் எண்ணைச் சேர்த்து போன் பிரவுசரில் அடித்தால் டாஷ்போர்டு வர வேண்டும். வரவே இல்லை.

இரண்டு நாள் கேமையே சந்தேகப்பட்டேன். அது தப்பு. இந்த கேம் தன் தகவலை கணினியின் நினைவகத்திலேயே வைக்கிறது; சிம்ஹப் அங்கிருந்து நேராகப் படித்துக்கொள்கிறது. கணினித் திரையில் எண்கள் ஓடின, போனில் மட்டும் இல்லை. அப்படியானால் அடைப்பு நடுவில்தான். வீட்டு வைஃபை விண்டோஸில் 'பொது' என்று பதிவாகி, ஃபயர்வால் (வெளியிலிருந்து வரும் இணைப்புகளைத் தடுக்கும் பாதுகாப்பு) தடுத்திருக்கிறது. 'தனிப்பட்டது' என மாற்றி, சிம்ஹப்புக்கு அனுமதி கொடுத்ததும் வந்துவிட்டது.

அப்புறம் ஒரு சாயங்காலம் கரண்ட் போய் வந்தது, டாஷ்போர்டு மறுபடி காணோம். ரவுட்டர் கணினிக்கு வேறு ஐபி கொடுத்திருந்தது. ரவுட்டர் அமைப்பில் ஒரே எண்ணை நிரந்தரமாக ஒதுக்கினேன். நம்மூரில் இதை முதலிலேயே செய்துவிடுங்கள்.

தரவிறக்கிய டாஷ்போர்டு ஒன்றில் எழுத்துகள் கோணலாக நின்றன. அதோடு வந்த எழுத்துருவை நிறுவி, சிம்ஹப்பை மூடித் திறந்தேன், சரியானது. இலவசப் பதிப்பில் திரை நொடிக்கு 10 முறைதான் புதுப்பிக்கும்; பெட்ரோல் பார்க்க அது போதும், கியர் மாற்றும் விளக்குக்குப் போதாது. அதற்காகவே உரிமம் வாங்கினேன்.