கால் வைக்க இடம் இருக்கிறதா? ரொமான்டிக் கால இயற்கை ஓவியங்களைப் பார்ப்பது எப்படி

மலை, புயல், மூடுபனி, உடைந்த பனிப்பாளம். ஐரோப்பாவின் ரொமான்டிக் கால ஓவியங்களை முதல் தடவை பார்க்கிறவர்கள் பெரும்பாலும் "அழகா இருக்கு" என்று சொல்லிவிட்டு அடுத்த படத்துக்குப் போய்விடுகிறார்கள். ஒரு படத்துக்கு ஐந்து வினாடிகூட இல்லை. இந்தப் படங்கள் அந்த ஐந்து வினாடியில் எதையும் தராது. 18ஆம் நூற்றாண்டின் கடைசியிலிருந்து 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை வேலை செய்த இந்த ஓவியர்கள் (ரொமான்டிக் என்றதும் காதல் என்று நினைத்துவிட வேண்டாம், இது உணர்ச்சிக்கும் கற்பனைக்கும் முதலிடம் கொடுத்த ஒரு கலை இயக்கத்தின் பெயர்) உங்களைப் பிடித்து ஓர் இடத்தில் கொண்டுபோய் நிறுத்தப் பார்க்கிறார்கள். அதனால் முதல் கேள்வி "இது எந்த மலை" என்பதோ "இதற்கு என்ன அர்த்தம்" என்பதோ இல்லை. நான் எங்கே நிற்கிறேன், என் காலடியில் என்ன இருக்கிறது? இந்த ஒன்றைக் கேட்டுப் பழகினால் போதும், பாதிக் கதவு திறந்துவிடும்.

உடனே ஒரு படத்தை எடுத்துக்கொள்வோம். ஜெர்மன் ஓவியர் காஸ்பர் டேவிட் ஃப்ரீட்ரிக் 1808க்கும் 1810க்கும் இடையில் வரைந்த 'கடலோரத் துறவி'. பெர்லினில் ஆல்ட்டே நேஷனல்கேலரி என்ற அருங்காட்சியகத்தில் இருக்கிறது. 110 செ.மீ. உயரம், ஏறக்குறைய 171 செ.மீ. அகலம். கணினித் திரையில் பெரிதாக வைத்துக்கொண்டு கீழ் ஓரத்திலிருந்து ஆரம்பியுங்கள், மேலிருந்து வேண்டாம். அடியில் வெளிறிய மணல், ஒரு பட்டையாக. அதற்கு மேல் கிட்டத்தட்டக் கறுப்பாகக் கடல், இன்னும் ஒல்லியான ஒரு பட்டை. அதற்கு அப்புறம் வானம், வானம், வானம். படத்தின் முக்கால் பங்குக்கும் மேல் அதுதான். மணலில் கட்டைவிரல் அளவுகூட இல்லாத ஒரு மனிதர். முழுப் படத்திலும் நிமிர்ந்து நிற்பது அவர் ஒருவர்தான்.

இப்போது இந்தப் படத்தில் என்னவெல்லாம் இல்லை என்று பாருங்கள். அதற்கு முந்தைய நிலக்காட்சி ஓவியங்களில் ஓரத்தில் ஒரு மரம் இருக்கும், வாசல் நிலை மாதிரி. நடுவில் ஓர் ஆறோ பாதையோ வளைந்து போய்க் கண்ணை மெதுவாக உள்ளே கூட்டிக்கொண்டு போகும். இங்கே மரம் இல்லை, பாதை இல்லை, படகுகூட இல்லை. படகு முதலில் இருந்தது. அகச்சிவப்புக் கதிர் வைத்து ஆராய்ந்தபோது ஃப்ரீட்ரிக் முதலில் கப்பல்களை வரைந்துவிட்டுப் பிறகு அவற்றை மூடிவிட்டது தெரிந்தது. எனக்கு இந்தப் படத்தைப் பற்றிய செய்திகளிலேயே முக்கியமானது இதுதான். கப்பல் இருந்தால் கண் அதைப் பற்றிக்கொண்டு தப்பித்துவிடும், அடுத்து அந்தக் கப்பல் எங்கே போகிறது என்று ஒரு கதை கட்டிக்கொள்ளும், வானத்தை மறந்துவிடும். அந்தப் பிடிமானத்தை அவர் வேண்டுமென்றே எடுத்துவிட்டார். 1810இல் பெர்லினில் இந்தப் படம் காட்சிக்கு வந்தபோது எழுத்தாளர் ஹைன்ரிக் ஃபான் க்ளைஸ்ட், இதைப் பார்ப்பது கண்ணிமைகளை வெட்டி எடுத்துவிட்டது போல இருக்கிறது என்ற பொருளில் எழுதினார். கண்ணை மூட முடியாது, வேறு பக்கம் திருப்பவும் முடியாது. படத்தின் முன் இரண்டு நிமிடம் பேசாமல் உட்கார்ந்தால் அவர் சொன்னது உடம்புக்கே புரியும்.

இந்த உணர்ச்சிக்குத்தான் 'சப்லைம்' என்று பெயர். தமிழில் பலரும் பல விதமாக மொழிபெயர்த்திருக்கிறார்கள். எனக்குப் பொருத்தமாகப் படுவது தொல்காப்பியம் சொல்லும் எட்டு மெய்ப்பாடுகளில் அச்சத்தையும் மருட்கையையும் சேர்த்து வைத்துப் பார்ப்பது. இரண்டும் ஒரே நேரத்தில் வந்தால் அது சப்லைம். எட்மண்ட் பர்க் என்ற சிந்தனையாளர் 1757இல் அழகு வேறு, இது வேறு என்று பிரித்து எழுதினார். ஆபத்தும் வலியும் கொஞ்சம் தள்ளி இருந்தால் அவற்றிலும் ஒரு பரவசம் இருக்கிறது என்பது அவர் கட்சி. 1790இல் ஜெர்மன் தத்துவவாதி கான்ட், இடியும் எரிமலையும் புயல்கடலும் நம்மை ஈர்க்கும், ஆனால் நாம் பாதுகாப்பான இடத்தில் இருக்க வேண்டும் என்றார். திரும்பவும் அதே கேள்விதான் பாருங்கள்: எங்கே நிற்கிறோம்? எவ்வளவு தள்ளி?

இதற்கு முன் மக்கள் இயற்கையை எப்படிப் பார்த்தார்கள் என்று தெரிந்தால்தான் மாற்றம் எவ்வளவு பெரியது என்று புரியும். 18ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்துச் சுற்றுலாப் பயணிகள் க்ளோட் கண்ணாடி என்று ஒன்றைக் கையில் வைத்திருந்தார்கள். லேசாகக் குவிந்த, கறுப்பு பூசிய சின்னக் கண்ணாடி. க்ளோட் லொரைன் என்ற 17ஆம் நூற்றாண்டு ஓவியரின் படம் போலக் காட்சி மங்கிய நிறத்தில் அடக்கமாகத் தெரியும் என்பதால் அந்தப் பெயர். அதில் பார்க்க வேண்டுமானால் மலைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்க வேண்டும். அவ்வளவு தூரம் பயணம் செய்து மலையடிவாரத்துக்கு வந்து, திரும்பி நின்று, உள்ளங்கையில் மலையின் பிம்பத்தைப் பார்த்தார்கள்! ஃப்ரீட்ரிக்கின் மனிதர்களோ அப்படியே தலைகீழ். மலையைப் பார்த்து நிற்கிறார்கள், முதுகை நமக்குக் காட்டுகிறார்கள்.

'மூடுபனிக் கடலுக்கு மேல் நிற்கும் பயணி' (1818 வாக்கில், ஹாம்பர்க் குன்ஸ்ட்ஹாலே) படத்தை எங்கேயாவது பார்த்திருப்பீர்கள், போஸ்டரிலோ புத்தக அட்டையிலோ. ஏதோ வெற்றி வீரன் படம் மாதிரி அதைப் பயன்படுத்துகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. அவர் கால் வைத்திருக்கும் பாறையைப் பாருங்கள். அந்தப் பாறை முடிகிற இடத்துக்கு அப்புறம் என்ன இருக்கிறது? ஒன்றுமில்லை. அருகுக்கும் தொலைவுக்கும் இடையில் இருக்க வேண்டிய நிலம் முழுவதையும் பனி விழுங்கிவிட்டது. இன்னும் ஓர் அடி வைக்க முடியாத இடத்தில் அவர் நிற்கிறார். இரு பக்கத்துக் குன்றுகளின் சரிவுக்கோடுகள் அவர் மார்பு உயரத்தில் வந்து சேர்கின்றன. அவர் முகத்தில் வெற்றி இருக்கிறதா பயம் இருக்கிறதா என்று நமக்குத் தெரியவே தெரியாது. அந்த முகத்தை நாம்தான் நம் முகத்தால் நிரப்ப வேண்டியிருக்கிறது. ஆகவே முதுகு காட்டும் உருவம் எங்கே வந்தாலும் ஒரு வேலை செய்யுங்கள்: விரலால் அந்த உருவத்தை மறைத்துவிட்டுப் படத்தைப் பாருங்கள், பிறகு விரலை எடுங்கள். மறைத்தபோது அது வெறும் காட்சி. எடுத்ததும் ஒருவர் பார்த்துக்கொண்டிருக்கும் காட்சியாகிவிடும்.

திணை இலக்கணம் படித்தவர்களுக்கு இங்கே ஒரு கை கூடுதல் பலம் உண்டு, நிலமும் உணர்ச்சியும் ஒன்றோடொன்று பின்னியிருப்பது நமக்குப் புதிதில்லை. ஆனால் ஓர் எச்சரிக்கை. குறிஞ்சி என்றால் புணர்தல், நெய்தல் என்றால் இரங்கல் என்று அங்கே ஓர் உடன்பாடு இருக்கிறது. ஃப்ரீட்ரிக்கிடம் அப்படி எதுவும் கிடையாது. 'சிலுவை என்றால் நம்பிக்கை, பட்ட மரம் என்றால் மரணம்' என்று அகராதி போட்டுப் படிக்க ஆரம்பித்தால் படம் செத்துப்போகும். அர்த்தத்துக்குக் கடைசியில் வரலாம், அவசரமில்லை.

சரி, அடுத்தது ஆங்கில ஓவியர் டர்னர். இங்கே கால் வைக்க இடமே இருக்காது. 1842இல் காட்சிக்கு வைத்த 'பனிப்புயல்: துறைமுக வாயிலில் ஒரு நீராவிப் படகு' என்ற படத்தில் தரை எங்கே என்று தேடிப் பாருங்கள். கீழ் ஓரத்திலேயே தண்ணீர் சுழல்கிறது. தொடுவானம் நேராக இல்லை. நடுவில் படகு, அதன் புகை வானத்தோடு கலந்து முறுக்கிக்கொண்டு போகிறது, எது அலை எது மேகம் என்று பிரிக்க முடியவில்லை. பிரிக்க முயல வேண்டாம் என்பதுதான் என் ஆலோசனை. அதற்குப் பதிலாக, மிக வெளிச்சமான இடத்தைக் கண்டுபிடித்து அங்கிருந்து சுழலின் போக்கிலேயே கண்ணை ஓட விடுங்கள். இரண்டு சுற்று வருவதற்குள் வயிற்றைப் புரட்டும். அன்றைய விமர்சகர் ஒருவர் இதை சோப்பு நுரையும் சுண்ணாம்பும் என்றார். புயலைப் பார்ப்பதற்காகத் தன்னைப் பாய்மரத்தில் நான்கு மணி நேரம் கட்டிவைக்கச் சொன்னதாக டர்னரே கதை சொன்னதாகச் சொல்வார்கள். அப்போது அவருக்கு வயது அறுபதுக்கு மேல். ஆய்வாளர்கள் பலர் அதை நம்புவதில்லை. நடந்ததோ இல்லையோ, படம் உங்களை நிறுத்துவது அந்தப் பாய்மரத்தின் உயரத்தில் இருப்பது போலத்தான்.

டர்னருக்கு இந்த 'எங்கே நிற்பது' விஷயத்தில் எவ்வளவு அக்கறை என்பதற்கு இன்னொன்று சொல்கிறேன். 1812இல் ஆல்ப்ஸ் மலையைப் பழங்காலக் கார்த்தேஜ் தளபதி ஹானிபால் படையோடு கடப்பதை வரைந்தபோது, லண்டன் ராயல் அகாடமி கண்காட்சியில் அந்தப் படத்தைச் சுவரில் தாழ்வாகத்தான் மாட்ட வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். கிட்டத்தட்ட 2.4 மீட்டர் அகலம். தாழ்வாக மாட்டினால் மேலே வளைந்து வரும் கரும்புயல் உங்கள் தலைக்கு மேலேயே வரும். ஹானிபால் எங்கே என்று தேடினால் கிடைக்க மாட்டார், தூரத்தில் வெளிச்சத்துக்கு எதிரே ஒரு யானை மட்டும் எறும்பு அளவில் தெரியும். அந்தப் புயலை அவர் யார்க்ஷயரில் நண்பர் வீட்டிலிருந்து பார்த்து ஒரு கடிதத்தின் பின்பக்கத்தில் குறித்துக்கொண்டதாகச் சொல்லப்படுகிறது. யார்க்ஷயர் இடி, ஆல்ப்ஸ் மலை, இரண்டாயிரம் ஆண்டுக்கு முந்தைய படை, மூன்றையும் ஒரே படத்தில் சேர்த்துவிட்டார்.

இது அவர் மட்டும் செய்ததில்லை. ஃப்ரீட்ரிக்கின் பயணி நிற்கும் மலைகளும் ஜெர்மனியின் எல்பே மணற்கல் மலைப்பகுதியில் வெவ்வேறு நாட்களில் வெவ்வேறு இடங்களில் வரைந்த பென்சில் குறிப்புகளிலிருந்து டிரெஸ்டனில் அறைக்குள் உட்கார்ந்து சேர்க்கப்பட்டவை. 'பனிக்கடல்' (1823–24) படத்துக்காக அவர் துருவப் பகுதிக்குப் போகவே இல்லை, எல்பே ஆற்றில் குளிர்காலத்தில் வந்து குவிந்த பனிப்பாளங்களை வரைந்து வைத்திருந்தார். அதில் முதலில் கண்ணில் படுவது குத்திட்டு நிற்கும் பனிக்கட்டிகள். கப்பல் வலப்பக்கம் நொறுங்கிக் கிடப்பது கொஞ்சம் தாமதமாகத்தான் தெரியும். ஃப்ரீட்ரிக் சிறுவனாக இருந்தபோது, 1787இல், அவர் தம்பி நீரில் மூழ்கி இறந்தார். இதைத் தெரிந்துகொண்டு அந்தப் படத்தைப் பார்க்கும்போது எனக்கு ஒவ்வொரு முறையும் தொண்டை அடைக்கிறது, ஆனால் முதல் தடவை பார்க்கிறவரிடம் இதை முன்கூட்டிச் சொல்ல மாட்டேன். பனிக்கட்டியை முதலில் பனிக்கட்டியாகப் பார்க்கட்டும். அந்தப் படம் அவர் இறக்கும்வரை விற்கவில்லை.

போனில் பார்ப்பது பற்றி ஒரு வார்த்தை. வேறு வழியில்லை என்றால் பாருங்கள், ஆனால் உண்மையான அளவை முதலில் தேடி, சுவரில் கையால் அளந்து காட்டிக்கொள்ளுங்கள். ஃப்ரீட்ரிக்கின் பயணி படம் ஒரு மீட்டர் உயரம்கூட இல்லை. பிரெஞ்சு ஓவியர் ஷெரிக்கோ வரைந்த 'மெடூசாவின் தெப்பம்' ஏழு மீட்டர் அகலம், அதன் முன் நின்றால் தெப்பத்தின் விளிம்பு உங்கள் அருகில் வந்துவிடும். இரண்டும் போனில் ஒரே அளவு. நிறத்தைக் கூட்டிப் பளபளப்பாக்கிய நகல்கள் இணையத்தில் நிறைய இருக்கின்றன, அதனால் படத்தை வைத்திருக்கும் அருங்காட்சியகத்தின் தளத்திலேயே பாருங்கள்.

எல்லாமே பயங்கரமாக இருக்க வேண்டும் என்றும் இல்லை. ஆங்கில ஓவியர் ஜான் கான்ஸ்டபிளின் 'வைக்கோல் வண்டி' (1821) லண்டன் நேஷனல் கேலரியில் இருக்கிறது. ஸ்டவர் ஆற்றங்கரையில் நிற்கிறீர்கள், செருப்பு நனையும் தூரத்தில் தண்ணீர், ஒரு நாய், ஆற்றுக்குள் வண்டி. மலையும் இல்லை புயலும் இல்லை, ஆனாலும் வானம் உயிரோடு இருக்கிறது. அதே ஆண்டிலும் அடுத்த ஆண்டிலும் அவர் லண்டனின் ஹாம்ப்ஸ்டெடில் வெட்டவெளியில் நின்று மேகங்களை மட்டுமே வரைந்து குவித்தார். தேதி, நேரம், காற்று எந்தத் திசையில், பிறகு மழை வந்ததா என்றெல்லாம் அந்தத் தாள்களின் பின்பக்கம் எழுதி வைத்தார். ஒரு மேகம் சில நிமிடங்களில் உருமாறிவிடும், அதனால் வேகமாகத் தூரிகை ஓட்டியிருப்பது அந்தச் சின்னப் படங்களில் தெரியும்.

இதையே நீங்களும் செய்து பாருங்கள், வரையத் தெரிய வேண்டியதில்லை. ஒரு வாரம், தினமும் ஒரே இடத்தில் நின்று பத்து நிமிடம் வானத்தைப் பார்த்து, தேதி, நேரம், காற்று, மேகத்தின் அடிப்பக்கம் என்ன நிறம், வெளிச்சம் எந்தப் பக்கம் என்று எழுதுங்கள். ஏழாவது நாள் 'வைக்கோல் வண்டி'யைத் திறந்து, ஆற்றையும் வண்டியையும் ஒரு தாளால் மறைத்துவிட்டு வானத்தை மட்டும் பார்த்து, அதற்கும் அதே மாதிரி ஒரு குறிப்பு எழுதுங்கள்: காற்று எந்தப் பக்கமிருந்து அடிக்கிறது, மழை பெய்து ஓய்ந்ததா, இனிமேல்தான் வரப்போகிறதா?