நைட்டியாவா டிப்ளோமிஸ்டஸா? மீன் கல்லைப் பிளப்பது எப்படி

அமெரிக்காவின் வயோமிங்கில் கெம்மரர் என்ற சின்ன ஊரைச் சுற்றி, காசு வாங்கிக்கொண்டு மீன் ஃபாசில் (கல்லில் பதிந்த புதைபடிவம்) தோண்ட விடும் தனியார் குவாரிகள் இருக்கின்றன. சுமார் 5.2 கோடி ஆண்டுகளுக்கு முன் அங்கே கிடந்த ஒரு ஏரியின் அடிச்சேறுதான் இப்போது அடுக்கடுக்கான வெளிறிய சுண்ணாம்புக்கல். பக்கத்து ஃபாசில் பியூட் தேசிய நினைவிடத்தில் ஒரு சில்லுகூட எடுக்கக் கூடாது, அதனால் குவாரிக்கே போங்கள். அரிய மீன் கிடைத்தால் யாருக்குச் சொந்தம் என்பதை முதலிலேயே கேட்டுக்கொள்வது நல்லது.

பலகைக் கல்லைப் படுக்கப் போட்டு மேலே ஓங்கி அடிக்காதீர்கள், புதிதாக வருகிறவர்கள் எல்லாரும் முதலில் செய்வது அதைத்தான். நிமிர்த்தி வைத்து, விளிம்பில் அடுக்குக் கோடு தெரிகிற இடத்தில் அகலமான மெல்லிய உளியை வைத்து லேசாகத் தட்டிக்கொண்டே நகர்ந்தால் ஒரு கட்டத்தில் கல் தானாக விட்டுக்கொடுக்கும். வெறுங்கல்லாகத் தெரிந்தாலும் தூக்கிப் போட்டுவிடாமல் சாய்வெயிலில் திருப்பிப் பாருங்கள்: முதுகெலும்பு தழும்பு மாதிரி மெல்ல மேடு கட்டியிருந்தால் மீன் ஒரு படலத்துக்கு அடியில் படுத்திருக்கிறது. இதற்காகவே ராத்திரியில் பக்கவாட்டில் விளக்கு வைத்து வேலை பார்க்கிற குவாரிக்காரர்களும் உண்டு.

சரி, கிடைத்தது என்ன மீன்? பெரும்பாலும் நைட்டியாதான், நம் மத்தி, சாளையின் சொந்தம், 1987 முதல் வயோமிங்கின் மாநில ஃபாசில். ஆனால் அதே ஏரியில் வாழ்ந்த டிப்ளோமிஸ்டஸ் என்ற இன்னொரு மீனின் குஞ்சும் ஏறத்தாழ அதே மாதிரி இருக்கும். தலையைப் பார்த்துக் குழம்ப வேண்டாம், வாலுக்கு முன்னால் அடிப்பக்கம் இருக்கிற குதத்துடுப்பைப் பாருங்கள். குட்டையாக முடிந்துவிட்டால் நைட்டியா. வயிற்றின் பின்பகுதியில் தொடங்கி வால்வரை நீளமாக ஓடினால், வாயும் மேல்நோக்கித் திறந்திருந்தால், டிப்ளோமிஸ்டஸ். தொண்டையில் நைட்டியா சிக்கியபடியே செத்த டிப்ளோமிஸ்டஸ்கூடக் கிடைத்திருக்கிறது.

பிளந்த இரண்டு பாதியையும் வைத்துக்கொள்ளுங்கள், ஒன்றில் உடைந்த எலும்பு மற்றதில் ஒட்டியிருக்கும். பின்புறம் குவாரி, அடுக்கு, தேதி மூன்றையும் அன்றைக்கே எழுதுங்கள். சிகாகோ ஃபீல்ட் அருங்காட்சியகத்தின் லான்ஸ் கிராண்டே மாதிரி இந்த ஏரி மீன்களையே ஆண்டுக்கணக்காக ஆராய்ந்தவர்களுக்குத் துடுப்புக் கதிர்களும் (துடுப்பைத் தாங்கும் மெல்லிய எலும்புகள்) முள்ளெலும்புகளும் எவ்வளவு முக்கியமோ, எந்த அடுக்கில் கிடைத்தது என்பதும் அவ்வளவு முக்கியம்.

கடையில் வாங்குவதாக இருந்தால் கையில் லென்ஸ் இருக்கட்டும். துடுப்பில் தனித்தனிக் கதிர் தெரியாமல் ஒரே பழுப்பாக வழித்த மாதிரி இருந்தால், அது மீன் இல்லை, பிரஷால் வண்ணம் தீட்டிய வேலை.